அப்பா ஏன் போஸ்டர் படிக்க ஆரம்பிச்சாரு

மதுரையில இருக்கிறவங்களுக்கு சொல்லவே வேணாம், இங்க ஒரு செவரு காலியா கிடைக்காது. கல்யாணம், காதுகுத்து, கட்சிக்கூட்டம், எல்லாத்துக்கும் மேல கண்ணீர் அஞ்சலி. எங்க அப்பா ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி திடீர்னு இந்த கண்ணீர் அஞ்சலி போஸ்டரை எல்லாம் நின்னு நிதானமா படிக்க ஆரம்பிச்சாரு. பேரு, வயசு, எந்த தெரு, யார் யார் துக்கத்துல பங்கெடுக்கிறாங்க, கீழ பொடி எழுத்துல இருக்கிற அச்சகத்து பேரு வரைக்கும் படிப்பாரு. படிச்சு முடிச்சு ஒரு பெருமூச்சு விட்டுட்டு நடப்பாரு. அம்மா என்கிட்ட ரகசியமா "உங்கப்பாவுக்கு சாவு பயம் வந்துருச்சுடா"ன்னாங்க. நானும் அப்படித்தான் நெனச்சேன், 66 வயசு, கூட வேலை பார்த்தவங்க ஒவ்வொருத்தரா போய்கிட்டு இருந்த நேரம்.

சாவு பயமும் இல்ல ஒண்ணும் இல்ல. கால் ரத்தக்குழாய்ல அடைப்பு, அதனால நடந்தா வலது கெண்டைக்கால் வலிச்சிருக்கு. நடுத்தெருவுல சும்மா நின்னா யாராவது "என்னண்ணே, முடியலையா"ன்னு கேட்டுருவாங்கன்னு கூச்சப்பட்டு போஸ்டர் பார்க்கிற மாதிரி நின்னுருக்காரு மனுசன். பின்னாடி ரத்தக்குழாய் டாக்டர்கிட்ட இதைச் சொன்னப்ப அவர் சிரிச்சுட்டாரு. ஜெர்மனியில இந்த வியாதிக்கு பேரே கடை ஜன்னல் வியாதிதானாம், வலி வந்ததும் கடை கண்ணாடிக்குள்ள இருக்கிற சாமானை வேடிக்கை பார்க்கிற மாதிரி நிப்பாங்களாம். அங்க கடை ஜன்னல், இங்க கண்ணீர் அஞ்சலி, அவ்வளவுதான் வித்தியாசம்.

இதை எழுதுறதுக்கு காரணம், நாங்க கண்டுபிடிக்க ஒன்பது மாசம் ஆச்சு. அந்த ஒன்பது மாசமும் அறிகுறி எல்லாம் கண்ணு முன்னாடியே இருந்துச்சு, ஒவ்வொண்ணுக்கும் எங்க வீட்டுல ஒரு சமாதானம் ரெடியா இருந்துச்சு. நான் டாக்டர் கிடையாது, கம்ப்யூட்டர் தட்டுறவன், ஆனா அந்த ஒன்பது மாசத்துல தப்பா நெனச்சது எல்லாத்தையும் வரிசையா சொல்ல முடியும்.

அப்பா அரசு பஸ்ல கண்டக்டர். 31 வருஷம் நின்னுகிட்டே வேலை. பஸ் ஸ்டாண்டுல வண்டி நிக்கிற அஞ்சு நிமிஷத்துல ஒரு டீ ஒரு சிகரெட், சிகரெட் பழக்கம் 20 வயசுலயே ஆரம்பிச்சது. சுகர் 12 வருஷமா. ரிட்டயர் ஆனதுக்கப்புறம் காலையில தெப்பக்குளத்தை மூணு சுத்து நடப்பாரு. தெரியாதவங்களுக்கு, வண்டியூர் மாரியம்மன் தெப்பக்குளம் கிட்டத்தட்ட சதுரம், ஒரு பக்கம் 300 மீட்டர் பக்கத்துல வரும், நாலு பக்கமும் சுத்தி வந்தா ஒரு கிலோமீட்டருக்கு மேல. மூணு சுத்து ரெண்டு சுத்தாச்சு, அப்புறம் ஒரு சுத்து, அப்புறம் ஒரு பக்கம் முடியிறதுக்குள்ள கைப்பிடிச் சுவர்ல கையை வச்சுகிட்டு நடு மண்டபத்தைப் பார்த்துகிட்டு நிப்பாரு. ரெண்டு மூணு நிமிஷம். அப்புறம் மறுபடி அதே தூரம். மறுபடி நிப்பாரு. இதுல இருந்த விஷயம் அந்த "அதே தூரம்"தான். முட்டி தேய்ஞ்சவங்களுக்கு இப்படி கணக்கா வராது, ஒரு நாள் நல்லா நடப்பாங்க, மறுநாள் எழுந்திரிக்கவே முடியாது, முதல் அடி எடுத்து வைக்கும்போதே வலிக்கும். ரத்தக்குழாய் அடைப்பு வலிக்கு முதல் அடியில ஒண்ணும் தெரியாது. குறிப்பிட்ட தூரம் போனதும் கெண்டைச்சதை பிடிச்சு முறுக்குற மாதிரி வரும், நின்னா போதும், உக்காரக்கூட வேணாம், கொஞ்ச நேரத்துல தானா போயிரும். மேடு ஏறினா அந்த தூரம் குறையும். வேகமா நடந்தாலும் குறையும். பாலத்து மேல ஏறினா அப்பா பாதி வழியில நின்னதுக்கு அதுதான் காரணம், நாங்க மூச்சு வாங்குதுன்னு நெனச்சோம்.

ஏன் அப்படின்னு டாக்டர் சொன்னது நல்லா புரிஞ்சது. சும்மா உக்காந்திருக்கும்போது கால் சதைக்கு தேவைப்படுற ரத்தம் ரொம்ப கம்மி, பாதி அடைச்ச குழாய்லகூட அது போயிரும். நடக்க ஆரம்பிச்சா அதே சதை பல மடங்கு கேக்கும். தெருவுல ஒரு வீட்டுல மட்டும் குழாயைத் திறந்தா தண்ணி வரும், காலையில ஆறு மணிக்கு எல்லாரும் திறந்தா கடைசி வீட்டுக்கு சொட்டும் பாருங்க, அது மாதிரி. இன்னொண்ணும் சொன்னாரு, வலி எங்க வருதோ அதுக்கு மேலதான் அடைப்பு இருக்கும், வலிக்கிற இடத்துல இருக்காது. கெண்டைக்கால் வலிச்சா பெரும்பாலும் தொடை குழாய்ல அடைப்பு. பிட்டமும் தொடையும் வலிச்சா இடுப்புக்கு உள்ள. அந்த இடுப்பு அடைப்புல ஆம்பளைங்களுக்கு விறைப்பும் போயிரும், அதை வெளிய சொல்ல வெக்கப்பட்டு நடக்கிற வலியை மட்டும் சொல்லிட்டு வர்றவங்க நெறைய பேராம். டாக்டர்கிட்ட வெக்கப்பட்டு ஒரு பிரயோஜனமும் இல்லங்க.

சரி, எங்க சமாதானத்துக்கு வர்றேன். முதல் சமாதானம், வெரிகோஸ். கண்டக்டர் வேலை, நின்னு நின்னு நரம்பு சுருட்டிக்கிச்சு, அப்படின்னு சித்தப்பா ஒரே அடியா தீர்ப்பு சொல்லிட்டாரு. மெடிக்கல் ஷாப்புல போய் அந்த இறுக்கமான சாக்ஸ் ஒரு ஜோடி நானே வாங்கிட்டு வந்தேன், கையில இருந்த பணம் கொடுத்து. இன்னைக்கும் அதை நெனச்சா எனக்கு வயித்தைக் கலக்கும். ஏன்னா வெரிகோஸ்ங்கிறது ரத்தம் கீழ தேங்குற பிரச்சினை, மேல ஏத்துறதுக்கு இறுக்கணும். அப்பாவோடது ரத்தம் கீழயே வராத பிரச்சினை, அதுல போய் இறுக்கினா வர்ற கொஞ்சத்தையும் நிறுத்துற மாதிரி. நல்லவேளை, அரிக்குதுன்னு ரெண்டு நாள்ல கழட்டி எறிஞ்சுட்டாரு. ஆர்ட்டரி, அதாவது இதயத்துல இருந்து ரத்தத்தைக் கொண்டு வர்ற குழாய், அதுல ஓட்டம் சரியா இருக்கான்னு பார்க்காம அந்த சாக்ஸை யாருக்கும் மாட்டி விடாதீங்க.

ரெண்டுக்கும் வித்தியாசம் கண்டுபிடிக்கிறது அவ்வளவு கஷ்டமும் இல்ல. வெரிகோஸ் கால் சாயங்காலம் கனக்கும், கணுக்கால் வீங்கும், காலைத் தூக்கி தலகாணி மேல வச்சா சுகமா இருக்கும், நடந்தா கொஞ்சம் பரவாயில்லாம இருக்கும். புண் வந்தா உள்பக்க கணுக்காலுக்கு மேல வரும், சுத்தி தோல் பழுப்பா கறுத்திருக்கும், நீர் வடியும். ஆர்ட்டரி கால் அப்படியே தலைகீழ். தூக்கி வச்சா வலி கூடும், தொங்கப் போட்டா சுகம். புண் விரல் நுனியில, விரல் இடுக்குல, குதிகால்ல, செருப்பு உரசுற இடத்துல வரும், ஓரம் வெட்டி எடுத்த மாதிரி, காஞ்சு போய், அடியில வெளிறி இருக்கும்.

ரெண்டாவது சமாதானம் முதுகுத்தண்டு. ஒரு இடத்துல காட்டினோம், எம்ஆர்ஐ எடுக்கச் சொன்னாங்க, எடுத்தோம், டிஸ்க் பல்ஜு, அதாவது முதுகெலும்புக்கு நடுவுல இருக்கிற தட்டு பிதுங்கியிருக்குன்னு வந்துச்சு. 66 வயசுல பெரும்பாலானவங்களுக்கு எடுத்தா ஏதாவது ஒரு பல்ஜு வரும்ங்கிறது எனக்கு அப்ப தெரியல. நரம்பு மாத்திரை, பிசியோ, பெல்ட்டு, ரெண்டு மாசம் போச்சு. முதுகுல நரம்பு நசுங்கினாலும் நடந்தா கால் வலிக்கும்தான், குழப்பம் நியாயமானதுதான். ஆனா அந்த வலிக்கு சும்மா நின்னா போதாது, உக்காரணும், இல்ல முன்னாடி குனியணும். அவங்க தள்ளுவண்டியைப் பிடிச்சு குனிஞ்சுகிட்டே நல்லா நடப்பாங்க, சைக்கிள் ஓட்டினா பெருசா வலிக்காது. அப்பாவுக்கு சைக்கிள் மிதிச்சாலும் வலிச்சது. "சைக்கிள் ஓட்டினா எப்படி இருக்கு"ன்னு ஒரு கேள்வியை அன்னைக்கு யாராவது கேட்டிருந்தா ரெண்டு மாசம் மிச்சம்.

மூணாவது, சுகர். சுகர்ல ஒரு மோசமான விஷயம் என்னன்னா அது குழாயையும் கெடுக்கும், நரம்பையும் கெடுக்கும். நரம்பு செத்துட்டா அடைப்பு வலியே தெரியாது. நெறைய பேருக்கு இந்த போஸ்டர் படிக்கிற கட்டமே வராம நேரா புண்ணுல போய் நிக்கும். "எனக்குதான் நடந்தா வலிக்கவே இல்லையே"ன்னு சுகர்காரங்க நிம்மதியா இருக்கக்கூடாதுன்னு டாக்டர் சொன்னப்ப அப்பா என்னைப் பார்த்தாரு, நான் தரையைப் பார்த்தேன்.

அந்த வருஷம் பொங்கலுக்கு கால்ல விழுந்து கும்பிட்டப்ப பாதம் ஜில்லுன்னு இருந்துச்சு, அது எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. தை மாசம், மொசைக் தரை, இருக்கத்தானே செய்யும்னு விட்டுட்டேன். ஆனா வலது பாதம் மட்டும்தான் ஜில்லுன்னு இருந்துச்சு. ரெண்டும் ஒரே தரையிலதான் நின்னுச்சு. ஒரு கால் மட்டும் இன்னொரு காலை விட சில்லுன்னு இருந்தா அதுக்கு தரை காரணம் இல்ல.

கண்ணு முன்னாடி இருந்த இன்னும் சில விஷயம்: முழங்காலுக்கு கீழ முடியே இல்லாம போயிருந்துச்சு, அப்பாவோட கால் கரடி கால் மாதிரி இருக்கும், அது வழுவழுன்னு, எண்ணெய் தடவின மாதிரி மினுமினுன்னு ஆயிருந்துச்சு. அம்மா அதைப் பார்த்துட்டு "இந்த வயசுல உங்களுக்கு கால் பளபளன்னு ஆகுது"ன்னு கிண்டல் பண்ணாங்க. நகம் மஞ்சளா தடிச்சு வளைஞ்சு, வெட்டவே வேண்டியதில்லாத அளவுக்கு மெதுவா வளர்ந்துச்சு. வலது கெண்டைச்சதை இடதை விட கொஞ்சம் மெலிஞ்சிருந்துச்சு. தனித்தனியா பார்த்தா எல்லாமே வயசான கால்தான், முடி கொட்டுறது மட்டும் வச்சு யாரும் பயப்பட வேணாம். ஒரே கால்ல எல்லாம் சேர்ந்து வந்தா யோசிக்கணும்.

அப்புறம் ராத்திரி. ஏழாவது மாசம் இருக்கும், அப்பா கட்டில்ல படுக்கிறதை விட்டுட்டாரு. ஹால்ல பிளாஸ்டிக் நாற்காலி போட்டு காலைத் தொங்கப் போட்டுகிட்டு உக்காந்தே தூங்குவாரு. படுத்தா பாதமும் விரலும் நெருப்பு வச்ச மாதிரி எரியுதுங்கிறாரு, எழுந்து தொங்கப் போட்டா குறையுது. படுக்கும்போது பாதம் நெஞ்சு உயரத்துக்கு வந்துருது, தொங்கப் போட்டா பூமி இழுக்கிற இழுப்புல கொஞ்சம் ரத்தம் கீழ இறங்குது, அதான் சங்கதி. நடந்தா வலிங்கிற கட்டத்துல இருந்து, சும்மா இருந்தாலே வலிங்கிற கட்டத்துக்கு வந்துட்டோம்னா அது காலே ஆபத்துல இருக்குன்னு அர்த்தம். ராத்திரி முழுக்க தொங்கப் போட்டதுல கால் வீங்கினதும் எங்களுக்கு மறுபடி வெரிகோஸ் சந்தேகம் வந்துச்சு, அடேங்கப்பா.

இதுல எங்களை முழுசா ஏமாத்துனது நிறம். ரத்த ஓட்டம் இல்லாத கால் வெளிறி நீலமா இருக்கும்னுதானே நெனப்போம்? நாற்காலியில தொங்குற அப்பாவோட பாதம் செக்கச்செவேல்னு இருந்துச்சு, கொஞ்சம் ஊதா கலந்த சிவப்பு. "நல்லா சிவப்பாத்தானே இருக்கு, ரத்த ஓட்டம் நல்லா இருக்கு"ன்னு நானே சொன்னேன், என் வாயாலே. அந்த சிவப்புதான் அறிகுறி. ஆக்ஸிஜனுக்கு ஏங்கி சின்னச்சின்ன குழாய் எல்லாம் வாயைப் பொளந்துகிட்டு கிடக்குது, வந்த ரத்தம் அங்கயே தேங்கி நிக்குது. படுக்க வச்சு காலை 45 டிகிரி அளவுக்கு தூக்கிப் பிடிச்சா ஒரு ரெண்டு நிமிஷத்துக்குள்ள பாதம் வெள்ளைப் பேப்பர் மாதிரி வெளுத்துரும், உடனே தொங்கப் போட்டா மெதுவா சிவப்பு ஏறும். டாக்டர் எங்க முன்னாடி இதைச் செஞ்சு காட்டினப்ப அம்மா அழுதுட்டாங்க. கறுத்த தோல்ல மேல்பக்கம் பார்த்தா சரியா தெரியாது, உள்ளங்காலைப் பார்க்கணும். இந்த பரிசோதனைக்கு பேர்கர் டெஸ்ட்னு பேரு, லியோ பேர்கர்ங்கிற நியூயார்க் டாக்டர் பேர்ல.

அந்த பேர்கர் பேர்ல ஒரு வியாதியே இருக்கு, அதை இங்க சொல்லாம விடக்கூடாது. 1908ல அவர் விவரிச்சது. சுகர் இல்லாத, கொழுப்பு இல்லாத, முப்பது நாப்பது வயசு ஆளுங்களுக்கு வரும், பீடி சிகரெட் புகையிலைதான் காரணம், நம்ம நாட்டுல கணிசமா உண்டு. எங்க ஏரியாவுல ஆட்டோ ஓட்டுற ஒருத்தர், நாப்பது வயசுகூட ஆகல, ஒரு நாளைக்கு ரெண்டு கட்டு பீடி. கெண்டைக்காலுக்கு முன்னாடி அவருக்கு உள்ளங்கால் வளைவுல வலி வந்துச்சு, அப்புறம் விரல் நுனி கறுத்துச்சு. கை விரலும் குளிர்ல வெளிறும். மூணு விரல் எடுத்தாச்சு. பீடியை முழுசா விட்டா நின்னுரும், ஒண்ணு ரெண்டுன்னு குறைச்சா நிக்காது, அதுல பேரமே கிடையாதுன்னு சொல்லியும் அவர் இன்னும் விடல. அப்பா தன்னோட சிகரெட்டை நிறுத்துனதுக்கு டாக்டரை விட அந்த ஆட்டோக்காரர் காலுதான் காரணம்னு நெனக்கிறேன்.

எங்க விஷயம் வெளிய வந்தது ஒரு நகவெட்டியால. அப்பா தடிச்ச நகத்தை அவரே வெட்டப் போய் கட்டைவிரல் ஓரத்துல சதையோட வெட்டிட்டாரு. சின்ன காயம், மஞ்சள் வச்சோம், ஆயின்ட்மென்ட் வச்சோம், மூணு வாரம் ஆகியும் அப்படியே இருந்துச்சு. நடுவுல அம்மா உப்பு போட்ட சுடுதண்ணியில காலை வைக்கச் சொல்லி, சூடு தெரியாம வச்சு, கொப்புளம் வேற. உணர்ச்சி கம்மியான, ரத்தம் கம்மியான காலுக்கு சுடுதண்ணி, ஒத்தடம், ஹாட் வாட்டர் பேக் எதுவும் வேணாம்னு இப்ப எங்க வீட்டு சமையக்கட்டு வரைக்கும் சட்டம்.

பக்கத்து கிளினிக்ல டிரெஸ்ஸிங் பண்ற சிஸ்டர் ஒருத்தங்க. அவங்கதான் புண்ணை சுரண்டி சுத்தம் பண்ணும்போது நிறுத்திட்டு, "ஐயா, இவ்வளவு சுரண்டுறேன், ஒரு சொட்டு ரத்தம் வரலையே"ன்னாங்க. காயம் ஆற ரத்தம் வேணும், எவ்வளவு மருந்து போட்டாலும் அது குழாய் வழியாத்தான் வரணும். உடனே கையுறையைக் கழட்டிட்டு பாதத்து மேல ரெண்டு விரலை வச்சாங்க. அப்புறம் கணுக்காலுக்கு பின்னாடி. அப்புறம் இடது கால்ல அதே ரெண்டு இடம். மறுபடி வலது. ஒரு நிமிஷம்தான் இருக்கும், ஹால்ல ஃபேன் சத்தம் மட்டும் கேட்டுச்சு. "நாடியே கிடைக்கலைங்கய்யா, வாஸ்குலர் டாக்டரை, அதான் ரத்தக்குழாய் டாக்டரை, நாளைக்கே பாருங்க, தள்ளிப் போடாதீங்க"ன்னாங்க. ஒன்பது மாசத்துல மூணு பேர்கிட்ட காட்டியிருக்கோம், எக்ஸ்ரே, எம்ஆர்ஐ எல்லாம் பார்த்தாங்க, சாக்ஸைக் கழட்டி பாதத்துல விரல் வச்சவங்க அந்த சிஸ்டர் ஒருத்தங்கதான். எனக்கு அந்த கோவம் இன்னும் இருக்கு, எங்க மேலயும் சேர்த்துதான்.

அந்த நாடியை நீங்களே பார்க்கலாம், இப்பவே உங்க கால்ல பாருங்க. கட்டைவிரலை மேல தூக்குனா பாதத்து மேல ஒரு கயிறு மாதிரி புடைக்கும். அந்த கயிறுக்கு சுண்டுவிரல் பக்கமா, ஒட்டினாப்ல, பாதத்து நடு மேட்டுல ரெண்டு மூணு விரலை மெல்ல வைக்கணும், அமுக்கினா நாடியே அமுங்கிரும், கட்டைவிரலை வச்சுப் பார்த்தா உங்க கட்டைவிரல் நாடியே உங்களுக்கு அடிக்கும். இன்னொரு இடம் உள்பக்க கணுக்கால் எலும்புக்கு பின்னாடி, எலும்புக்கும் குதிகால் நரம்புக்கும் நடுவுல இருக்கிற பள்ளம். பாதத்து மேல இருக்கிறது சிலருக்கு பொறக்கும்போதே தட்டுப்படாத இடத்துல இருக்கும், அதனால அது கிடைக்கலைன்னா பதறாதீங்க, கணுக்கால் பின்னாடி பாருங்க. ரெண்டும் கிடைக்கல, கூடவே கால் சில்லுன்னு இருக்கு, இல்ல நடந்தா வலிக்குதுன்னா டாக்டரைப் பாருங்க. விரல் நகத்தை அழுத்தி விட்டா வெளுத்த இடம் ரெண்டு மூணு செகண்டுல பழைய நிறத்துக்கு வரணும், அப்பாவுக்கு நான் ஏழு எண்ணினேன்.

வாஸ்குலர் டாக்டர்கிட்ட போனப்ப முதல் பரிசோதனைக்கு ஊசிகூட கிடையாது. கையில பிபி பார்க்கிற மாதிரி கணுக்கால்லயும் பட்டை கட்டி, பேனா மாதிரி ஒரு டாப்ளர் கருவியை ஜெல் தடவி வச்சு சத்தம் கேட்டு பார்க்கிறாங்க. கணுக்கால் பிபியை கை பிபியால வகுக்கணும். சாதாரணமா 1ல இருந்து 1.4 வரைக்கும் இருக்கணும், 0.9 அதுக்கு கீழ இருந்தா அடைப்பு. அப்பாவுக்கு கையில 150, இடது கணுக்கால்ல 124, வலது கணுக்கால்ல 72. அதாவது 0.83, 0.48. இடது காலும் ஓரளவு அடைப்புதான், அது வலிக்கவே இல்ல, ஏன்னா வலது கால் அதுக்கு முன்னாடியே அவரை நிறுத்திருது! அந்த சத்தம் இன்னும் காதுல இருக்கு. என் கால்ல வச்சு காட்டச் சொன்னேன், டுப்-டுப்-டுப்னு குதிரை ஓடுற மாதிரி. அப்பாவோட வலது கால்ல ஒரே ஒரு இழுவை, கதவு இடுக்குல காத்து போற மாதிரி, உஷ்ஷ்... உஷ்ஷ்.

சுகர், கிட்னி பிரச்சினை இருக்கிறவங்களுக்கு குழாய் செவரே சுண்ணாம்பா இறுகிப் போய் பட்டையால அமுக்க முடியாது, அப்ப 1.4க்கு மேல காட்டும், இல்ல நார்மல் மாதிரி காட்டி ஏமாத்தும். அதனால அவங்களுக்கு கட்டைவிரல்லயே குட்டி பட்டை கட்டி பார்ப்பாங்க. அப்பாவுக்கு அதுல பிபி 28. 30க்கு கீழ இருந்தா புண் தானா ஆறுறது ரொம்ப கஷ்டம்னு சொன்னாரு. அதுக்கப்புறம் அடைப்பு எங்கன்னு பார்க்க டூப்ளெக்ஸ் ஸ்கேன், சிடி ஆஞ்சியோ. தொடை குழாய் நடுவுல முழுசா அடைப்பு, சுத்தி மரத்து வேர் மாதிரி சின்னச்சின்ன குழாய் தானா முளைச்சு மாத்துப்பாதை போட்டிருந்துச்சு. இத்தனை மாசம் கால் உயிரோட இருந்தது அந்த வேரால.

ஆஞ்சியோபிளாஸ்டி பண்ணாங்க, இடது தொடை இடுக்கு வழியா கம்பி விட்டு, பலூன் ஊதி. "ஆஞ்சியோன்னா நெஞ்சுக்குத்தானே பண்ணுவாங்க"ன்னு அம்மாவுக்கு சந்தேகம். உண்மையில உலகத்துல முதல் ஆஞ்சியோபிளாஸ்டி நெஞ்சுக்கு பண்ணல, காலுக்குத்தான். 1964 ஜனவரியில அமெரிக்காவுல போர்ட்லாண்டுல சார்லஸ் டாட்டர்ங்கிற டாக்டர், விரல் அழுகிப்போய் காலை எடுக்க சம்மதிக்காத 82 வயசு பாட்டிக்கு தொடை குழாயை விரிச்சு விட்டாரு. அந்த பாட்டி சாகுற வரைக்கும் ரெண்டு வருஷத்துக்கு மேல சொந்த கால்லதான் நடந்தாங்க. இதயக் குழாய்க்கு பலூன் வந்தது 1977லதான். இதை அம்மாகிட்ட சொன்னதும் "அந்த பாட்டி பிடிவாதம் நல்ல பிடிவாதம்"னாங்க.

எங்க ரத்தக்குழாய் டாக்டர் அடுத்த கேள்வியா நெஞ்சு வலி வந்திருக்கான்னு கேட்டு எக்கோ, அதாவது இதய ஸ்கேன், எழுதினாரு. கால் குழாய்ல அடைப்பு இருந்தா இதயத்துலயும் மூளைக்கு போற குழாய்லயும் இருக்க நெறைய வாய்ப்பு, இந்த வியாதிக்காரங்க உயிரை எடுக்கிறது பெரும்பாலும் கால் கிடையாது, ஹார்ட் அட்டாக்கும் ஸ்ட்ரோக்கும்தான். அதனாலதான் ஆயுசுக்கும் கொழுப்பைக் குறைக்கிற ஸ்டேட்டினும் ரத்தம் உறையாத மாத்திரையும்.

இதுவரைக்கும் சொன்னது எல்லாம் மெதுவா வர்றது. திடீர்னு வர்றது வேற, அதுல மாசக்கணக்கு எல்லாம் கிடையாது, மணிக்கணக்குதான். எங்க சொந்தத்துல தேனி பக்கம் ஒரு அத்தைக்கு இதயத் துடிப்பு ஒழுங்கில்லாம அடிக்கிற பிரச்சினை இருந்துச்சு. ஒரு நாள் சாயங்காலம் பூ கட்டிகிட்டு இருக்கும்போது இடது கால்ல கத்தி வச்ச மாதிரி வலி, கால் வெளுத்து ஐஸ் மாதிரி ஆயிருச்சு, கொஞ்ச நேரத்துல மரத்துப் போச்சு, விரலை அசைக்க முடியல. வாதம் அடிச்சிருச்சுன்னு எண்ணெய் தேய்ச்சுகிட்டு விடியட்டும்னு இருந்துட்டாங்க. இதயத்துல உறைஞ்ச ரத்தக்கட்டி போய் கால் குழாயை அடைச்சிருந்துச்சு. ஆறு மணி நேரத்துக்குள்ள எடுத்தா காலைக் காப்பாத்த நல்ல வாய்ப்பு, விடிஞ்சு போனப்ப முழங்காலுக்கு மேல எடுக்க வேண்டியதா போச்சு. மரத்துப் போறதும் அசைக்க முடியாம போறதும் நேரம் முடியுதுங்கிறதுக்கு அடையாளம், அப்ப வலி குறைஞ்ச மாதிரிகூட தெரியும், அதை நம்பக்கூடாது. 108ஐக் கூப்பிடுங்க, தேய்க்காதீங்க. அந்த கட்டியை இழுத்து எடுக்கிற பலூன் குழாயை 1960கள் ஆரம்பத்துல கண்டுபிடிச்சவரு தாமஸ் ஃபோகார்ட்டி, கையுறையோட விரல் நுனியை வெட்டி, தூண்டில் முடிச்சு போட்டு குழாய்ல கட்டித்தான் முதல்ல செஞ்சாராம். தூண்டில் போடத் தெரிஞ்ச ஒருத்தரால எத்தனை கால் தப்பிச்சிருக்கு பாருங்க.

அப்பாவுக்கு கட்டைவிரல் நகம் போச்சு, விரல் தப்பிச்சது. புண் மூட ரெண்டரை மாசம் ஆச்சு. புண் மூடினதுக்கப்புறம் டாக்டர் எழுதிக் கொடுத்த முக்கியமான மருந்து நடை. வலி வர்ற வரைக்கும் நடக்கணும், நல்லா வலிச்சதும் நிக்கணும், போனதும் மறுபடி நடக்கணும், இப்படி முப்பது நாப்பது நிமிஷம், வாரத்துல மூணு நாளாவது, மூணு மாசத்துக்கு. வலிக்குதுன்னு நடக்கிறதை நிறுத்துறதுதான் எல்லாரும் செய்ற தப்பு, நடக்க நடக்கத்தான் சதை கம்மி ரத்தத்துல வேலை செய்யப் பழகும். செருப்பில்லாம வாசலுக்குகூட போகக்கூடாது. கோயில் பிரகாரம் மத்தியானத்துல கண்டிப்பா கூடாது, கல்லு சூடு தெரியாமலே கொப்புளிச்சுரும். ஆணிக்காலை பிளேடால சீவுற பழைய பழக்கத்துக்கும் தடை. தெனமும் ராத்திரி அம்மா அப்பாவோட காலை மடியில வச்சு டார்ச் அடிச்சு விரல் இடுக்கு எல்லாம் பார்க்கிறாங்க, பார்த்துகிட்டே திட்டுறாங்க, நாப்பது வருஷ சிகரெட்டுக்கு தெனமும் ஒரு தவணை.

பெரிய ஊர் அரசு மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரிகள்லயும் ரத்தக்குழாய் பிரிவு இருக்கு, செலவுக்கு பயந்து தள்ளிப் போடுறவங்க அங்க முதல்ல கேளுங்க.

போன வாரம் நானும் அப்பாவும் தெப்பக்குளம் போனோம். ரெண்டு பக்கம் நிக்காம நடந்தாரு, மூணாவது பக்கம் பாதியில ஒரு தடவை நின்னாரு, மறுபடி நடந்தாரு. வீட்டுக்கு வந்து செருப்பைக் கழட்டும்போது அம்மா, பழைய டிரைவர் ஒருத்தர் போன வெள்ளிக்கிழமையே தவறிட்டாராமே, உங்களுக்கு தெரியாதான்னு கேட்டாங்க. அப்பா கொஞ்ச நேரம் அவரையே நெனச்சுகிட்டு இருந்துட்டு, "போஸ்டர் ஒட்டித்தான் இருந்திருப்பாங்க, நான் இப்ப எங்க நிக்கிறேன்"னாரு.